யாழினி: ஒரு புதிய பெயரின் பொருளையும் வேரையும் அறிய ஒரு முழுமையான வழிகாட்டி

பெண் குழந்தைக்குத் தமிழ்ப் பெயர் தேடும் பெற்றோர் இன்று விரைவாக வந்து சேரும் பெயர்களுள் யாழினியும் ஒன்று. பெயர்ப் பட்டியல்களில் இதற்கு எதிரே பெரும்பாலும் "யாழ் போன்று இனிமையானவள்" என்ற ஒரே ஒரு வரி இருக்கும். அந்த வரியைப் பிழை என்று தள்ளிவிட முடியாது. ஆயினும் யாழ் என்பது எத்தகைய கருவி, அதைப் பெண்ணோடு சேர்த்துப் பேசும் வழக்கம் எங்கிருந்து வந்தது, "இனி" என்னும் ஈறு எதைக் குறிக்கிறது, இந்தப் பெயர் பழையதா புதியதா என்னும் கேள்விகளுள் ஒன்றுக்கும் அது விடை தருவதில்லை. தன் பெயரின் பொருளை மகள் ஒருநாள் கேட்பாள் என்று எண்ணும் பெற்றோர்க்காகவும், அந்தப் பெயரைத் தாங்கியிருப்பவர்களுக்காகவும் இந்த வழிகாட்டி எழுதப்படுகிறது. இங்குச் சொல்லப்படும் முறையைத் தமிழினி, மகிழினி, எழிலினி போன்ற பெயர்களுக்கும் அப்படியே பயன்படுத்தலாம்.

முதற்படி: பெயரைப் பிரித்துப் பாருங்கள்

எந்தப் பெயரையும் ஆராயத் தொடங்கும்போது முதலில் அதன் அடிச்சொல்லையும் ஈற்றையும் தனித்தனியே எடுத்து வைக்க வேண்டும். யாழினியில் அடிச்சொல் யாழ் என்பதில் ஐயமில்லை. மீதமிருக்கும் "இனி" என்பதே சிக்கலானது. "இனிமேல்" என்ற பொருள் தரும் "இனி" இதில் இல்லை. அது இனிமை என்னும் பண்பின் அடியா, பெண்பால் காட்டும் விகுதியா, இரண்டு உறுப்புகள் சேர்ந்து ஒன்றாய் ஒலிப்பதா என்பதை யாழைப் பற்றி அறிந்துகொண்ட பிறகே தீர்மானிக்க முடியும். ஆகவே ஈற்றை நான்காம் படிவரை ஒதுக்கி வைப்போம்.

இரண்டாம் படி: யாழ் எத்தகைய கருவி என்பதைத் தெளிவாக்கிக்கொள்ளுங்கள்

யாழ் வளைந்த தண்டையும் திறந்த நரம்புகளையும் உடைய கருவி. வீணையில் ஒரே தந்தியை வெவ்வேறு மெட்டுகளின்மேல் அழுத்திப் பல சுரங்களை எழுப்புவார்கள். யாழிலோ ஒவ்வொரு நரம்பும் தனக்குரிய சுரத்தை மட்டும் ஒலிக்கும். ஒலியைப் பெருக்கும் குடம் போன்ற பகுதி பத்தர் எனப்படும். அதன்மேல் தோலாலான போர்வை இழுத்துக் கட்டப்பட்டிருக்கும். மேலெழுந்து வளையும் தண்டு கோடு எனவும், அதில் நரம்புகளைக் கட்டும் வார்கள் திவவு எனவும் வழங்கின. கோடு வளைந்தது என்பதற்குத் திருக்குறளே சான்று தருகிறது: அம்பு வடிவால் நேரானது, செயலால் கொடியது, யாழின் கோடு வளைந்தது, செயலால் செவ்வியது, ஆகவே மக்களையும் செயலைக் கொண்டே மதிக்க வேண்டும் என்பது 279ஆம் குறளின் கருத்து.

யாழ் ஒரே வகையாகவும் இருக்கவில்லை. சிலப்பதிகார உரையில் அடியார்க்கு நல்லார் எடுத்துக்காட்டும் பழம்பாடல்களின்படி பேரியாழுக்கு 21 நரம்புகளும், மகரயாழுக்கு 19 நரம்புகளும், சகோடயாழுக்கு 14 நரம்புகளும், செங்கோட்டியாழுக்கு 7 நரம்புகளும் உண்டு. சிறுபாணர் ஏந்தியது சீறியாழ், பெரும்பாணர் ஏந்தியது பேரியாழ். சொல்லின் பொருளும் கருவியோடு நின்றுவிடவில்லை. தொல்காப்பியம் ஒவ்வொரு திணைக்கும் உரிய கருப்பொருள்களை எண்ணும்போது தெய்வம், உணவு, மரம், பறவை, பறை ஆகியவற்றோடு "யாழின் பகுதி"யையும் சேர்க்கிறது; அங்கு யாழ் என்பதற்கு உரையாசிரியர்கள் பண் என்று பொருள் கொண்டனர். குறிஞ்சியாழ், முல்லையாழ், மருதயாழ், நெய்தல்யாழ், பாலையாழ் என்று நிலத்துக்கு ஒரு பண் பெயர்பெற்றதும் இவ்வாறுதான். ஆகவே மகளுக்கு யாழினி என்று பெயரிடுபவர் ஒரு கருவியின் பெயரோடு இசை என்னும் பொருளையும் சேர்த்தே இடுகிறார்.

இக்கருவி பிற்காலத்தில் வழக்கொழிந்து போயிற்று. அதன் அமைப்பையும் பண்களையும் இலக்கியக் குறிப்புகளிலிருந்தும் கணக்கிலிருந்தும் மீட்டெடுக்கும் பெரும்பணியை மட்டக்களப்புப் பகுதியின் காரைதீவில் 1892இல் பிறந்த விபுலாநந்த அடிகள் செய்தார். அவருடைய யாழ்நூல் 1947 ஜூன் மாதம் திருக்கொள்ளம்பூதூர்க் கோயிலில் அரங்கேறியது. அடுத்த மாதமே அடிகள் காலமானார். மறைந்துபோன ஒரு கருவியின் பெயர் படித்தவர்கள் நாவில் மீண்டும் உயிர்பெற அந்த நூல் பெருந்துணை புரிந்தது என்றே நான் கருதுகிறேன்.

மூன்றாம் படி: யாழைப் பெண்ணோடும் குழந்தையோடும் சேர்த்துப் பேசிய இடங்களைப் படியுங்கள்

பெயரின் உண்மையான செல்வம் இந்தப் படியில்தான் இருக்கிறது. இதற்கு நேரம் ஒதுக்குங்கள். யாழைப் பெண்ணாகக் காணும் பார்வை இன்றைய பெற்றோரின் கற்பனையில் தோன்றியதன்று. பத்துப்பாட்டில் ஒன்றான பொருநராற்றுப்படை தொடக்கத்திலேயே யாழை உறுப்பு உறுப்பாக வருணிக்கிறது. பத்தர், மான் குளம்பு பதிந்த இடத்தைப் போல இரண்டாகப் பிளந்து காணப்படுகிறது. அதைப் போர்த்திய தோல், சூல்கொண்டது பிறர்க்குத் தெரியாத இளம்பெண்ணின் வயிற்றில் மெல்லிய மயிர் ஒழுகியதைப் போலத் தோன்றுகிறது. கருவி முழுவதையும் பார்க்கும் புலவர் "மணங்கமழ் மாதரை மண்ணி அன்ன" என்கிறார். நறுமணம் கமழும் மங்கையை ஒப்பனை செய்து நிறுத்தியது போன்ற அழகு என்பது அதன் பொருள். அதே யாழில் எழுப்பிய பாலைப்பண்ணைக் கேட்டால் வழிப்பறி செய்யும் கள்வரும் படைக்கலத்தை நழுவவிட்டு அருள் உள்ளம் கொள்வர் என்று அடுத்த வரிகள் சொல்கின்றன. பெயருக்குப் பொருள் சொல்ல ஒரே ஓர் இடத்தைத் தேர்ந்தெடுக்க வேண்டுமானால் நான் இந்த வரிகளையே தேர்ந்தெடுப்பேன், ஏனெனில் அழகும் ஆற்றலும் இங்கு ஒரே கருவியில் சேர்ந்து நிற்கின்றன.

சிலப்பதிகாரத்தின் கானல்வரியும் இதையே வேறு சொற்களில் கூறுகிறது. ஓவியத் துணியுறையில் வைத்து, கோட்டில் மலர் சூட்டி, "மணமகளிர் கோலம்போல்" வனப்பெய்திய யாழை மாதவி தொழுது வாங்குகிறாள். பண்ணல், பரிவட்டணை, ஆராய்தல், தைவரல் முதலாக எட்டு வகையில் அவள் விரல்கள் நரம்பின்மேல் இயங்குகின்றன. யாழ் பெண்ணைப் போன்றது என்பதோடு, யாழைக் கைக்கொண்டு அதன் நுட்பங்களை முற்றும் அறிந்த பெண்ணையும் தமிழ் இலக்கியம் நம் கண்முன் நிறுத்துகிறது. சீவக சிந்தாமணியில் காந்தருவதத்தையை மணக்க விரும்புவோர் அவளோடு யாழிசையில் போட்டியிட வேண்டியிருந்ததையும் இங்கு நினைவுகூரலாம். எனவே யாழினிக்கு "யாழ் போன்றவள்" என்று மட்டும் பொருள் சொல்வது பெண்ணைக் கேட்கப்படும் பொருளாக நிறுத்திவிடுகிறது. "யாழை ஆள்பவள்" என்னும் பொருளுக்கும் இலக்கியத்தில் அதே அளவு இடமிருக்கிறது.

குழந்தைக்கும் யாழுக்கும் உள்ள தொடர்பு இதைவிட நெருக்கமானது. "குழல்இனிது யாழ்இனிது என்பதம் மக்கள் மழலைச்சொல் கேளா தவர்" என்னும் 66ஆம் குறளைத் தமிழ் படித்த எல்லோரும் அறிவர். "யாழினிது" என்று சேர்த்துச் சொல்லும்போதே பெயரின் ஒலி முழுவதும் அதற்குள் அடங்கியிருப்பதைக் காது உணரும். அதியமானை ஔவையார் பாடிய புறநானூற்று 92ஆம் பாடலும் இதே இரண்டையும் எதிரெதிரே வைக்கிறது: புதல்வரின் மழலை யாழோசையோடு ஒத்து வருவதில்லை, காலத்தோடு பொருந்துவதில்லை, பொருளும் விளங்குவதில்லை, ஆயினும் தந்தையர்க்கு அது அருளைச் சுரக்கச் செய்கிறது. இரண்டு பாடல்களிலும் யாழ் குழந்தைக்கு முன் ஒரு படி கீழேதான் நிற்கிறது என்பதைக் கவனியுங்கள்.

பக்தி இலக்கியத்திலும் இந்த ஒப்பீடு தொடர்கிறது. திருமறைக்காட்டைப் பாடிய சுந்தரர் இறைவனை "யாழைப்பழித் தன்னமொழி மங்கையொரு பங்கன்" என்கிறார். இன்று வேதாரண்யம் எனப்படும் அந்தத் தலத்தில் அம்மன் பெயர் யாழைப் பழித்த மொழியம்மை. யாழைப் பெண்ணின் பெயருக்குள் கொண்டுவந்த பழைய எடுத்துக்காட்டுத் தேடுவோர் இந்தத் திருப்பெயரைத் தயங்காமல் காட்டலாம்.

நான்காம் படி: "இனி" என்னும் ஈற்றை ஆராயுங்கள்

இந்த ஈற்றை மூன்று வகையில் விளக்கலாம். மூன்றையும் அறிந்துகொண்டு உங்களுக்கு ஏற்றதைத் தேர்ந்தெடுப்பதே நேர்மையான வழி.

முதல் விளக்கம் பலரும் சொல்வது: யாழ் என்பதோடு இனிமையின் அடியான "இனி" சேர்ந்தது, ஆகவே யாழ் போன்று இனியவள். கேட்க அழகாக இருந்தாலும் இது இலக்கணப்படி நன்றாக அமையவில்லை. இனிமையிலிருந்து பெண்பாற் பெயர் பிறந்தால் "இனியள்", "இனியவள்", இக்காலப் பெயர் வழக்கில் "இனியா" என்று வரும். வெறும் "இனி" பெண்ணைக் குறிப்பதற்கு மொழியில் வழக்கில்லை. குறளின் ஓசை நினைவில் இருப்பதால் இந்த விளக்கம் மனத்துக்கு நெருக்கமாகப் படுகிறது என்பதை மறுக்க வேண்டியதில்லை.

இரண்டாம் விளக்கம் வடமொழிப் பெயர்களை நோக்குகிறது. பத்மம் என்பதிலிருந்து பத்மினியும், மாலை என்பதிலிருந்து மாலினியும் பிறந்தன. அங்கு "இனி" என்னும் ஈறு "அதை உடையவள்" என்ற பொருள் தருகிறது. நளினி, மாலினி, பத்மினி எனப் பழகிய காதுக்குத் தமிழ்ச் சொல்லோடு அதே ஓசை சேர்ந்தபோது புதிய பெயர் இயல்பாகவே ஒலித்திருக்கும். பெயர் பரவியதற்கு இந்த ஓசை ஒற்றுமை துணைசெய்தது என்று நானும் கருதுகிறேன்.

மூன்றாம் விளக்கத்தையே நான் வலியுறுத்த விரும்புகிறேன். தமிழில் ஒரு பொருளை உடையவரைக் குறிக்க அந்தப் பெயரோடு "இன்" என்னும் சாரியையும் பால் காட்டும் விகுதியும் சேர்வது மிகப் பழைய வழக்கு. வில்லை உடையவன் வில்லினன்; மாலையை, அதாவது தாரை, உடையவன் தாரினன்; குழலை உடையவள் குழலினள். இவ்வழியில் யாழை உடையவள் யாழினள். இது வெறும் கணக்கு அன்று. மாணிக்கவாசகரின் திருப்பள்ளியெழுச்சியில் "இன்னிசை வீணையர் யாழினர் ஒருபால்" என்ற அடியில் பன்மை வடிவமான யாழினர் அப்படியே நிற்கிறது. மார்கழி விடியலில் கோயில்களில் ஓதப்படும் பாடல் இது. யாழினர் என்பதன் பெண்பால் ஒருமைக்கு "அள்" விகுதி சேர்ந்தால் யாழினள்; தோழி, செல்வி, அரசி ஆகியவற்றில் வரும் "இ" விகுதி சேர்ந்தால் யாழினி. பெயராக அழைக்க இந்த இகர ஈறே பொருந்தும். ஆகவே பெயரை "யாழ் + இன் + இ" என்று பிரித்து, "யாழை உடையவள்" என்று பொருள் சொன்னால் அதில் வேற்றுமொழிக் கூறு ஒன்றும் இல்லை.

இந்த ஓசையும் சங்க காலத்துக்கு அந்நியமானதன்று. பாணர் குடியில் பாடும் பெண்ணுக்குப் பாடினி என்று பெயர். புறநானூற்றின் 11ஆம் பாடலில், சேரமான் பாலை பாடிய பெருங்கடுங்கோவின் வீரத்தைப் பாடிய பாடினி பொன்னாலான அணிகலன்களைப் பெறுகிறாள். உடன் பாடிய பாணன் வெள்ளி நாரில் கட்டிய பொன் தாமரையைப் பெறுகிறான். அந்தப் பாடலை இயற்றியவர் பேய்மகள் இளவெயினி என்னும் பெண்பாற் புலவர். பாடினி என்பது பாடு என்னும் வினையடியிலிருந்தும், யாழினி என்பது யாழ் என்னும் பெயர்ச்சொல்லிலிருந்தும் பிறப்பதால் இரண்டின் ஆக்கமும் ஒன்றே என்று சொல்லக் கூடாது. ஆயினும் பாடினியும் இளவெயினியும் ஒலித்த அதே உலகில்தான் யாழும் ஒலித்தது. அந்த உலகத்துச் செவிக்கு யாழினி புரியாத சொல்லாக இருந்திருக்காது.

ஐந்தாம் படி: பெயரின் வயதைச் சரியாகக் கணியுங்கள்

சொல்லின் உறுப்புகள் பழமையானவை என்பதால் பெயரும் பழமையானது என்று முடிவுகட்டக் கூடாது. இந்தக் கவனம் மிக முக்கியம். யாழோடு வாழ்ந்த பெண்களின் பெயர்களை இலக்கியத்தில் எடுத்துப் பாருங்கள். சிலப்பதிகாரத்தில் மாதவி, சிந்தாமணியில் காந்தருவதத்தை, திருஞானசம்பந்தரோடு தலங்கள்தோறும் சென்ற திருநீலகண்ட யாழ்ப்பாணரின் துணைவியார் மதங்கசூளாமணியார். இவர்களுள் ஒருவர்க்கும் யாழினி என்ற பெயர் இல்லை.

பெயரின் உண்மையான சூழல் இருபதாம் நூற்றாண்டைச் சேர்ந்தது. சூரியநாராயண சாஸ்திரியார் பரிதிமாற் கலைஞர் எனவும், வேதாசலம் மறைமலையடிகள் எனவும் தம் பெயர்களைத் தமிழாக்கிக்கொண்டனர்; 1916இல் தனித்தமிழ் இயக்கம் தோன்றியது. அதன் பின்னர்த் திராவிட இயக்கம் வளர்ந்த காலத்தில் தமிழ்ச்செல்வி, தேன்மொழி, கயல்விழி, மலர்விழி, பூங்கோதை என்னும் பெயர்கள் வீடுகளுக்குள் வந்தன. அவை பெரும்பாலும் இரண்டு சொற்கள் சேர்ந்த தொகைப் பெயர்கள். அடுத்த தலைமுறைப் பெற்றோர் தமிழாகவும் இருக்க வேண்டும், மூன்று எழுத்துக்குள்ளும் அடங்க வேண்டும் என்று விரும்பியபோது நிலா, இனியா, யாழினி போன்ற குறுகிய பெயர்கள் முன்னுக்கு வந்தன. புதிய பெயர் என்பது குறையன்று. எந்தச் சொற்களைக் கொண்டு ஆக்கப்பட்டது என்பதை வைத்தே அதை மதிக்க வேண்டும்.

ஆறாம் படி: ஈழத்தமிழர்க்கு இப்பெயர் தரும் கூடுதல் பொருளை அறியுங்கள்

யாழ் என்று மட்டும் சொன்னால் ஈழத்தமிழர்க்கு முதலில் நினைவுக்கு வருவது ஓர் ஊர். யாழ். நகர், யாழ். பல்கலைக்கழகம், யாழ். நூலகம் என யாழ்ப்பாணத்தைச் சுருக்கி எழுதுவது அங்கு அன்றாட வழக்கு. கொழும்பிலிருந்து வடக்கே 1956இல் ஓடத் தொடங்கிய தொடர்வண்டிக்கும் யாழ்தேவி என்றே பெயர். ஊர்ப்பெயரின் தோற்றத்துக்கும் இசையே காரணமாகச் சொல்லப்படுகிறது. கண்பார்வையற்ற யாழ்ப்பாடி ஒருவன் அரசன் முன் யாழிசைத்து, மணற்பாங்கான ஒரு நிலத்தைப் பரிசாகப் பெற்றான் என்பது ஒல்லாந்தர் காலத்தில் மயில்வாகனப் புலவர் எழுதிய யாழ்ப்பாண வைபவமாலை கூறும் செய்தி. இது செவிவழிக் கதை என்பதை மறக்கக் கூடாது. ஆயினும் ஊரைவிட்டுப் பெயர்ந்து தொலைநாடுகளில் வாழும் ஒரு குடும்பம் மகளுக்கு யாழினி என்று பெயரிடும்போது, கருவியின் பெயரோடு பிறந்த மண்ணின் பெயரையும் அவள் தாங்க வேண்டும் என்ற விருப்பம் அதில் இருக்கக்கூடும். பெயரின் காரணத்தை அப்படிப்பட்ட ஒருவரிடம் கேட்டறிய நேர்ந்தால் அகராதியைவிட அவர்கள் சொல்லுக்கே முதலிடம் கொடுங்கள்.

ஏழாம் படி: உலவும் தவறான விளக்கங்களை நீக்குங்கள்

யாழினி என்றால் சரசுவதி என்று சிலர் எழுதுகின்றனர். கலைமகள் கையில் இருப்பது வீணை. யாழும் வீணையும் வெவ்வேறு கருவிகள் என்பதை "வீணையர் யாழினர்" என்று பிரித்துச் சொன்ன மாணிக்கவாசகர் அடியே உறுதிசெய்கிறது. கலைமகளை நினைத்துப் பெயரிட விரும்புவோர் அவ்வாறே நினைக்கலாம். அதைச் சொல்லின் பொருளாக எழுதுவதுதான் தவறு. யாளி என்னும் விலங்கின் பெயரிலிருந்து யாழ் வந்தது என்றும் ஒரு கருத்து உண்டு. ளகரமும் ழகரமும் வேறு வேறு எழுத்துகள் என்பதால் அதை உறுதியான செய்தியாக ஏற்க முடியாது. சங்ககால அரசியின் பெயர் என்று யாரேனும் சொன்னால், எந்தப் பாடலில் என்று கேளுங்கள்.

எட்டாம் படி: ஒலியையும் எழுத்தையும் உறுதிசெய்து பதியுங்கள்

பெயரின் உயிர் ழகரத்தில் இருக்கிறது. நாவின் நுனி மேலே வளைந்து, அண்ணத்தைத் தொடாமல் வருடுவது போல நிற்க வேண்டும், தொட்டுவிட்டால் ளகரமாகிவிடும். தென்மாவட்டங்களிலும் ஈழத்திலும் பேச்சில் ழகரம் ளகரமாக ஒலிப்பது வட்டார இயல்பு. அதைக் குற்றமாகக் கருதிக் குழந்தையின் பாட்டியைத் திருத்த வேண்டாம். எழுத்தில் மட்டும் ழகரத்தை விட்டுவிடாதீர்கள். வீட்டில் செல்லமாக யாழ், யாழு என்று அழைக்கலாம்.

ஆங்கில எழுத்தில்தான் உண்மையான தொல்லை எழுகிறது. தமிழ்நாட்டில் ழகரத்துக்கு இசட், எச் ஆகிய இரண்டு எழுத்துகளைச் சேர்த்து எழுதுவது வழக்கம். இலங்கையில் யாழ்ப்பாணத்தை எழுதுவது போலவே எல் என்னும் ஒற்றை எழுத்தால் எழுதுவாரும் பலர். முதல் முறை தமிழர்க்கு ஒலியைத் துல்லியமாகக் காட்டும், ஆனால் பிறமொழியினர் அதை ஸகரம் போலப் படித்துவிடுவர். இரண்டாம் முறை எவர்க்கும் எளிதில் வாயில் வரும், ஆனால் ழகரத்தை இழந்துவிடும். வெளிநாட்டில் பள்ளிக்குச் செல்லப்போகும் குழந்தையாயினும் முதல் முறையையே நான் பரிந்துரைப்பேன்; ஆசிரியர்கள் இரண்டு வாரத்தில் பழகிக்கொள்வார்கள். எதைத் தேர்ந்தெடுத்தாலும் பிறப்புச் சான்றிதழ், கடவுச்சீட்டு, ஆதார், பள்ளிப் பதிவேடு ஆகிய எல்லாவற்றிலும் ஓர் எழுத்தும் மாறாமல் இருக்க வேண்டும்.

இந்தியாவில் பிறப்பை 21 நாட்களுக்குள் பதிய வேண்டும் என்றாலும், பெயரை அப்போதே சொல்ல வேண்டிய கட்டாயம் இல்லை. பெயரின்றிப் பதிந்த பிறப்புக்கு 12 மாதங்களுக்குள் கட்டணமின்றியும், அதன்பின் 15 ஆண்டுகள்வரை தாமதக் கட்டணம் செலுத்தியும் பெயரைச் சேர்க்கலாம். ஆகவே அவசரப்படாமல் முடிவெடுங்கள். பதிவு விண்ணப்பத்தில் தமிழிலும் ஆங்கிலத்திலும் பெயரை நீங்களே தெளிவாக எழுதிக் கொடுங்கள்; சான்றிதழ் கைக்கு வந்ததும், அலுவலகத்தை விட்டுக் கிளம்பும் முன், "யாழினி" என்பதில் ழகரம் சரியாக விழுந்திருக்கிறதா என்று ஒருமுறை படித்துப் பாருங்கள்.